சுவரில் தொங்கிய மாப்பிள்ளை

அருப்புக்கோட்டையில் ஒரு தியேட்டர். மேட்னி ஆட்டம். எனக்கு இடது பக்கம் சங்கையா மாமா, வலது பக்கம் ஒரு தூண். எழுந்து ஓட வழியில்லாத இடமாகப் பார்த்துத்தான் மாமா என்னை உட்கார வைத்திருந்தார்.

முன்வரிசையில் தறிக்காரத் தெரு ஆட்கள். அவர்கள் மேலிருந்து, தறியில் பாவு நூலுக்குப் போடும் கஞ்சியின் புளித்த வாடை. தங்களுக்குள் தெலுங்கில் பேசிக்கொண்டவர்கள், முறுக்குக்காரரைக் கூப்பிடும்போது மட்டும் தமிழுக்கு வந்தார்கள். இடுப்பளவு மறைப்புக்கு அந்தப் பக்கம் பெண்கள். அங்கே என் அக்கா முத்துப்பேச்சி. அவளுக்குப் பக்கத்தில் மாமாவின் மகள் ராக்கம்மாள், எல்லாருக்கும் ராக்கு.

விளக்கு அணைவதற்கு முன்னால் மாமா என் முகத்தை ஒரு தடவை நன்றாகப் பார்த்துக்கொண்டார். சந்தையில் மாடு பிடித்தவர், வீட்டுக்கு வந்து சேருவதும் அதே மாடுதானா என்று அடையாளம் வைத்துக்கொள்கிற பார்வை.

"திரையில வாரவனும் இங்க இருக்கிறவனும் ஒருத்தன்தானான்னு நான் பாக்கணும்ல" என்றார்.

அன்று அந்தத் திரையில் நான் உயிரோடு நடந்து வந்தால் ராக்கு எனக்கு. வராவிட்டால் காரியாபட்டி மாப்பிள்ளைக்கு. விஷயம் அவ்வளவுதான்.

இந்தத் தொடரைப் படிக்கிறவர்களில் சிலர், எத்தனை படத்தில் நடித்திருக்கிறீர்கள் என்று கேட்டு எழுதுகிறார்கள். எனக்கே தெரியாது. டாக்டராக வந்து கை கழுவியிருக்கிறேன். நீதிபதியாக உட்கார்ந்து, கதாநாயகன் பேசி முடிக்கும்வரை விழித்திருக்கிறேன். போலீஸ்காரனாகக் கடைசி ரீலில் ஓடி வந்து, எல்லாம் முடிந்த பிறகு விலங்கு மாட்டியிருக்கிறேன். நடுநடுவே முப்பதுக்கும் மேற்பட்ட படங்களுக்குத் திரைக்கதை, வசனம். அவற்றில் பாதியில் என் பெயர் வரும்போது ஜனங்கள் இடம் தேடிக்கொண்டிருப்பார்கள்.

ஆனால் என் சினிமாப் பிரவேசம் இவற்றில் எதுவும் இல்லை. நான் பிணமாகக்கூட நுழையவில்லை. பிணத்துக்காவது படுக்கப் பாய் போடுவார்கள். நான் நுழைந்தது ஆணியில்.

ஆணியில் ஏறிய கதை

எங்கள் ஊர் திருச்சுழிக்குக் கிழக்கே, கண்மாய் இருந்தும் தண்ணீர் இல்லாத ஒரு மூலை. எட்டாவதோடு பள்ளிக்கூடத்துக்கும் எனக்கும் ஒத்துவராமல் போய்விட்டது. அதற்குப் பிறகு நான் படித்ததெல்லாம் மளிகைக்கடைப் பொட்டலம். கால் கிலோ சீனியோடு ஒரு தொடர்கதையின் நடுப்பகுதி வரும். முன்னும் பின்னும் நானே யோசித்து வைத்துக்கொள்வேன். திரைக்கதை எழுதக் கற்றுக்கொண்டது இப்படித்தான். பின்னாளில் சில தயாரிப்பாளர்களும் எனக்குக் கதையை அப்படித்தான் சொன்னார்கள்.

மாமாவின் ஊரான எம்.ரெட்டியபட்டியில் பொங்கலுக்கு நான் எழுதி ஒரு நாடகம் போட்டோம். அதில் ஒருவன் தப்பான கல்யாண வீட்டுக்குள் போய், மூன்று பந்தி சாப்பிட்டுவிட்டு, கை கழுவுகிற இடத்தில் நிதானமாக, "மாப்பிள்ளை யாருங்க?" என்று கேட்பான். கூட்டம் ஒரு நிமிஷம் யோசித்துச் சிரித்தது. ராக்கு மட்டும் அவன் வாயைத் திறப்பதற்கு முன்னாலேயே சிரித்துவிட்டாள். எழுதுகிறவனைப் பிடிக்க அதைவிட நல்ல வலை கிடையாது. அன்றே விழுந்தேன். அவளிடம் சொல்லவில்லை. எங்கள் பக்கத்தில் முறைப்பெண்ணிடம் அதையெல்லாம் சொல்லுகிற வழக்கம் இல்லை. மாமனிடம் சொன்னால் போதும். மாமாவும் அப்போது மறுப்பு சொல்லவில்லை. "டவுனுக்குப் போயி ஒரு ஆளா வா, பாப்போம்" என்றார்.

அறுபதுகளின் நடுவில், மழை ஏமாற்றிய ஒரு வருஷம், சென்னைக்குப் போனேன்.

அங்கே ஒரு வசனகர்த்தாவிடம் காப்பி எடுக்கிற வேலை. ஐயா சொல்லச் சொல்ல எழுதி, கார்பன் வைத்துப் படிகள் தயார் செய்ய வேண்டும். கதாநாயகனுக்குப் பெரிய எழுத்தில். வில்லனுக்கு நடுத்தரம். தாயாருக்குச் சின்ன எழுத்து, அந்த அம்மாளுக்குத்தான் கண் தெரியாது. எக்ஸ்ட்ராக்களுக்கு எழுதுவதில்லை. "ஐயோன்னு கத்துங்க" என்று வாயால் சொல்லிவிடுவோம்.

ஒரு நாள் செட்டில் ஒரு சிக்கல். கதாநாயகியின் இறந்துபோன அண்ணன் படம் சுவரில் தொங்க வேண்டும். அண்ணனாகப் படம் எடுத்துக்கொள்ள வேண்டிய நடிகர் வரவில்லை. செத்தவராகத் தொங்கினால் ராசி போய்விடும் என்று அவருடைய ஜோசியர் தடுத்துவிட்டாராம். டைரக்டர் சுற்றிலும் பார்த்தார். மூலையில் கார்பன் மையோடு நின்ற என்னிடம் வந்து கண் நிலைத்தது.

"இவனைப் போடு. இவன் முகத்துல ஏற்கெனவே அந்தக் களை இருக்கு" என்றார்.

என் நடிப்பைப் பற்றி எனக்குக் கிடைத்த முதல் விமர்சனம் அது. இன்றுவரை அதைவிடக் கூர்மையான ஒன்று கிடைக்கவில்லை.

அரை மணி நேரத்தில் படம் எடுத்து, கழுவி, சட்டம் போட்டு, சந்தன மாலை மாட்டி, முன்னால் ஊதுபத்தி கொளுத்தினார்கள். கதாநாயகி வந்து "அண்ணா" என்று விழுந்து அழுதார். நான் பக்கத்தில் நின்று டீ குடித்துக்கொண்டே பார்த்தேன். நன்றாகத்தான் அழுதார். என்னைப் பார்த்து அவர் செய்த ஒரே காரியம் அதுதான்.

படத்துக்கு வந்த மார்க்கெட்

அந்தப் படம் முடிந்ததும் என் போட்டோ சாமான் ரூமுக்குப் போனது. ரூமுக்குப் பொறுப்பாளர் பரமு என்று ஒரு நல்ல மனுஷர். சிம்மாசனம், துப்பாக்கி, பிளாஸ்டிக் ஆப்பிள் எல்லாவற்றுக்கும் நடுவே என்னையும் ஒரு ஆணியில் மாட்டி வைத்தார். "தம்பி, மாலையோட ரெடியா இருக்கு. யாரு கேட்டாலும் குடுக்கலாம்" என்று சந்தோஷமாகச் சொன்னார்.

கேட்டார்கள். அடுத்த படத்தில் நான் ஒரு விதவையின் கணவன். அதற்கடுத்து ஒரு ஜமீன்தார். கண்ணாடி மேல் பரமு கரியால் மீசை வரைந்தார். ஒரு படத்தில் மூக்குக்கண்ணாடியும் நரையும் போட்டு என்னை வில்லனுக்கே தகப்பன் ஆக்கினார். என்னைக் கொன்றவன் யார் என்று கண்டுபிடிப்பதே ஒரு படத்தின் கதை. நான் வாய்ப்புக் கேட்டுப் போன கம்பெனியில் வாசலிலேயே நிறுத்தினார்கள். என் போட்டோவை அன்று காலைதான் ரிக்‌ஷாவில் வைத்து உள்ளே கொண்டுபோயிருந்தார்கள்.

சாப்பாடு கேட்காது, வசனம் மறக்காது, சொன்ன இடத்தில் தொங்கும். போட்டோவோடு நான் எப்படிப் போட்டி போடுவது?

இது எனக்கு வேடிக்கையாகத்தான் இருந்தது. அந்தப் படங்கள் எல்லாம் தெற்கே போகும் என்பது அப்போது மனதில் படவில்லை.

பந்தல்குடி மணலில்

என் அக்காவைக் கட்டிக்கொடுத்தது பந்தல்குடியில். தூத்துக்குடி ரோட்டை ஒட்டி ஒரு டென்ட் கொட்டகை. தம்பி நடித்த படம் வந்திருக்கிறது என்று லாரி டிரைவர் ஒருவர் சொல்ல, அக்கா தெருப் பெண்களை எல்லாம் திரட்டிக்கொண்டு முதல் ஆட்டத்துக்குப் போயிருக்கிறாள். மணலைக் குவித்து மேடு செய்து, தட்டை முறுக்கோடு உட்கார்ந்திருக்கிறார்கள்.

திரையில் வீடு வந்தது. சுவர் வந்தது. சுவரில் நான் வந்தேன், மாலையோடு.

அதன் பிறகு நடந்ததை அக்காவே எனக்குச் சொன்னாள். சினிமா என்று அவளுக்குத் தெரியாமல் இல்லை. போன வாரம்தான் என்னிடமிருந்து அவளுக்கு ஒரு கார்டு வந்திருந்தது. ஆனால் ஒரு நியாயம் இருக்கிறதல்லவா?

"யாரோ ஒரு அசலூர்க்காரி, பவுடரப் பூசிக்கிட்டு ஒனக்கு அந்த அழுக அழுவுறா. கூடப்பெறந்தவ நான் முறுக்குத் தின்னுக்கிட்டு இருந்தா, சுத்தி இருக்கிறவுக என்ன நெனப்பாக?"

அதனால் அக்கா எழுந்து, முந்தானையைச் செருகி, தலையை விரித்து, ஒப்பாரி எடுத்துவிட்டாள். "பட்டணம் போன தம்பி படமாத் திரும்பினியே" என்று முதல் அடி. அக்கா எல்லார் வீட்டுச் சாவுக்கும் போய் மாரடித்தவள். அவள் வீட்டு அழுகைக்கு மற்றவர்கள் சும்மா இருக்க முடியுமா? தெருப் பெண்கள் மொத்தமும் வட்டம் கட்டி உட்கார்ந்துவிட்டார்கள். ஆண்கள் பக்கத்தில் இரண்டு பெரியவர்கள் துண்டைத் தலையிலிருந்து இறக்கினார்கள். கொட்டகைக்காரர் படத்தை நிறுத்தி, என்ன ஏது என்று விசாரித்து, துக்கம் கேட்டுவிட்டு, அந்த ரீலை மட்டும் முதலிலிருந்து ஒரு தடவை போட்டுக் காட்டியிருக்கிறார். அதற்கும் அழுதிருக்கிறார்கள்.

அழுதால் தலை முழுக வேண்டும். மறுநாள் காலை எல்லாரும் ஒரு பம்புசெட்டுக்குப் போய் முழுகினார்கள். தண்ணீருக்கு அடித்துக்கொண்ட வருஷம் அது. பம்புசெட்டுக்காரர் முதலில் முடியாது என்றாராம். சாவு என்றதும் மோட்டாரைப் போட்டுவிட்டார். யார் செத்தது என்று அவரும் கேட்கவில்லை, இவர்களும் சொல்லவில்லை.

இந்தச் செய்தி பந்தல்குடியிலிருந்து எம்.ரெட்டியபட்டிக்கு, மாமா வீட்டுக்கு, பஸ்ஸை விட வேகமாகப் போய்ச் சேர்ந்தது.

மாமாவின் தீர்ப்பு

சங்கையா மாமாவுக்குப் பருத்திக் காடு கொஞ்சம், பஞ்சாயத்து நிறைய. சுற்றுப்பட்டில் வேலித் தகராறு, வாய்க்கால் தகராறு எதுவானாலும் அவர் வந்து உட்கார்ந்தால்தான் ஆரம்பமாகும். எதையும் பிரித்துப் பிரித்துப் பார்த்துத்தான் பேசுவார். அப்படிப் பிரிக்கும்போது நடுவில் இருக்கும் ஆள் காணாமல் போவதும் உண்டு.

பொங்கலுக்கு ஊருக்குப் போன நான் பெண் கேட்டேன். மாமா என்னை நிற்க வைத்தே தீர்ப்புச் சொன்னார்.

"சினிமாவுல நீ செத்தது பொய்யி. ஒத்துக்கிடுறேன். ஆனா முத்துப்பேச்சி அழுதது நெசம். பதினாறு பொம்பளைக தல முழுகுனது நெசம். முழுகிட்டாகன்னா நீ போயிட்டேன்னு அர்த்தம். போனவனுக்கு எப்பிடிப் பொண்ணு குடுக்கிறது?"

நான் எதிரில் நிற்கிறேனே என்றேன்.

நிற்பது அவருக்கும் தெரிகிறது என்றார். ஆனால் என்னை உயிரோடு பார்த்தவர் அவர் ஒருத்தர்தான். என்னை மாலையோடு பார்த்தவர்கள் மூன்று தாலுகாவிலும் இருக்கிறார்கள். சென்ற மாதம்கூட அருப்புக்கோட்டையில் மீசையோடு செத்திருந்தேனாம். நாளைக்குத் தாலி கட்டி என் பக்கத்தில் அவளை நிறுத்தினால், பார்க்கிறவர்கள் கண்ணில் முதலில் நிற்பது மாலை போட்ட சுவர்தான் என்றார். அப்போது அவர் குரல் கொஞ்சம் இறங்கியது. மகளை நினைத்துத்தான் பயப்படுகிறார் என்பது எனக்குப் புரிந்தது. அதனால் கோபப்படவும் முடியவில்லை.

அதோடு வேறு இடமும் வந்திருந்தது. காரியாபட்டிப் பையன், மதுரை பஸ்ஸில் கண்டக்டர். மாமாவின் காட்டு வழியாகத்தான் பஸ் போகும்.

"அந்தத் தம்பி தெனமும் நாலு தடவ என் கண்ணு முன்னால உசிரோட போயி வருது" என்றார் மாமா. இதற்கு எந்த வசனகர்த்தா பதில் எழுதுவான்?

கடைசியில் அக்கா தலையிட்டு, அழுது, இந்தத் தடவை உண்மையாகவே அழுது, ஒரு தவணை வாங்கித் தந்தாள். அடுத்த தை பிறப்பதற்குள் நான் ஒரு படத்தில் உயிரோடு வர வேண்டும். நடக்க வேண்டும், பேச வேண்டும். சினிமாவில் போன உயிர் சினிமாவிலேயே திரும்பி வர வேண்டும். மாமா அதைத் தியேட்டரில், என்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்ப்பார்.

ராக்கு கதவுக்குப் பின்னால் நின்றிருந்தாள். அவள் என்ன நினைக்கிறாள் என்று யாரும் கேட்கவில்லை. நானும்தான் கேட்கவில்லை. இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

டெலிபோனை எடுத்தவன்

சென்னைக்குத் திரும்பியதும் முதலில் பரமுவிடம் போய் விஷயத்தைச் சொன்னேன். என் படத்தை இனிமேல் வெளியே விட வேண்டாம் என்று கெஞ்சினேன். அவர் கண் கலங்கிவிட்டது. "தம்பி, நம்ம கம்பெனி வாசலத் தாண்டி உன்னை இனி யாருக்கும் குடுக்க மாட்டேன்" என்று கையில் அடித்துச் சத்தியம் செய்தார்.

பிறகு உயிர் தேட ஆரம்பித்தேன். அது சுலபமாக இல்லை. வேஷம் கேட்டுப் போன இடத்தில் எல்லாம் என் முகத்தைப் பார்த்து, "உங்களை எங்கேயோ பாத்திருக்கேனே" என்பார்கள். எங்கே என்று சொல்ல எனக்குத் தைரியம் வராது. ஆடி போனது, ஆவணி போனது.

அந்த நேரத்தில் எங்கள் ஐயா எழுதிக்கொண்டிருந்த கதையில் ஒரு கட்டம். கிராமத்தில் ஓட்டு வீட்டில் ஏழைத் தாய். மகன் மேல் கொலைக் கேஸ். அவன் விடுதலையானான் என்ற செய்தி அவளுக்குப் போக வேண்டும். ஐயா எழுதியிருந்தார்: டெலிபோன் மணி அடிக்கிறது. தாய் ஓடிப்போய் எடுக்கிறாள்.

நான் மெதுவாகக் கேட்டேன். கஞ்சிக்கு உப்பில்லாத வீட்டில் டெலிபோன் எப்படி வந்தது?

ஐயா என்னைக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். எட்டு வருஷமாக அவர் எல்லாப் படத்திலும் டெலிபோன் வைத்திருந்தார்; ஒருவரும் கேட்டதில்லை. அதற்குப் பதிலாகப் பக்கத்து வீட்டுக்காரன் ஓடி வந்து சொல்லட்டும் என்றேன். எங்கள் ஊரில் கல்யாணச் செய்தி, கருமாதிச் செய்தி எல்லாம் பக்கத்து வீட்டுக்காரன் வாயில்தான் வரும். ஐயா கொஞ்சம் யோசித்து, "எழுதிக் கொண்டா" என்றார்.

திரைக்கதையில் நான் செய்த முதல் காரியம் அதுதான், ஒரு டெலிபோனை எடுத்தது.

நான் எழுதிக்கொண்டு போனது மூன்று பக்கம். பக்கத்து வீட்டுக்காரன் வருவான், உட்காருவான், தண்ணீர் குடிப்பான், தனக்குக் காய்ச்சல்கூட வந்ததில்லை என்பான், நீண்ட ஆயுள் என்று ஜோசியர் சொன்னதைச் சொல்லுவான், போகிற போக்கில் மகன் விடுதலையானதையும் சொல்லுவான். ஐயா அதை நாலு வரியாக வெட்டினார். ஒரு வரிக்கு மட்டும் நான் காலைப் பிடித்தேன்: "நான் நல்லா இருக்கேன் தாயி, உங்க மகனும் நல்லா இருக்கான்."

செட்டில் டைரக்டர் அந்த வரியில் நின்றார். பக்கத்து வீட்டுக்காரன் நல்லாயிருக்கிறானா என்று இங்கே யார் கேட்டது என்றார். தெற்கத்திப் பக்கம் அப்படித்தான் பேசுவார்கள், தன் சுகத்தைச் சொல்லிவிட்டுத்தான் அடுத்தவர் சுகத்தைச் சொல்லுவார்கள் என்று அடித்துவிட்டேன். தெற்கத்தி என்றதும் அவர் ஒன்றும் கேட்கவில்லை. அவருக்குத் தாம்பரம் தாண்டினால் எல்லாம் ஒன்றுதான். "சரி, எழுதினவனே பேசட்டும்" என்று முடித்துவிட்டார்.

நான் வாசல் வழியாக ஓடி வந்து, கேமராவைப் பார்த்து நின்று, நாலு வரி பேசினேன். விளக்கு வெளிச்சத்தில் எதுவும் தெரியவில்லை. மூன்றாவது டேக் சரி என்றார்கள். அவ்வளவுதான், உயிர் வந்துவிட்டது. அன்று சாயங்காலமே மாமாவுக்குக் கார்டு போட்டேன்.

ஒரே சுவர்

அந்தப் படம்தான் மார்கழியில் அருப்புக்கோட்டைக்கு வந்தது. தை பிறக்க இன்னும் பத்து நாள்கூட இல்லை. அந்த மேட்னியில்தான் நான் மாமாவுக்கும் தூணுக்கும் நடுவே உட்கார்ந்திருந்தேன்.

கொலை நடந்தது. கேஸ் நடந்தது. ஓட்டு வீட்டில் தாய் அழுதாள். என் பக்கத்தில் மாமா மடியிலிருந்து வெற்றிலையை எடுத்தவர், போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டார்.

வாசல் கதவு திறந்தது. நான் ஓடி வந்தேன்.

உயிரோடு, இரண்டு காலால் ஓடி வந்தேன். பெண்கள் பக்கத்திலிருந்து அக்கா, "ஏயப்பா, வந்துட்டான்" என்றது எனக்கே கேட்டது. ஓடி வந்து சுவர் ஓரமாக நின்றேன். நின்று, "நான் நல்லா இருக்கேன் தாயி" என்றேன்.

என் தலைக்கு நேர் மேலே, சந்தன மாலையோடு, நான் தொங்கிக்கொண்டிருந்தேன்.

எப்படி நடந்தது என்று பிறகு பரமுவிடம் கேட்டேன். கேமரா வைத்த பிறகு, நான் ஓடி வருவதற்காக வாசலுக்கு வெளியே போய் நின்ற நேரத்தில், சுவர் வெறிச்சென்று இருக்கிறது, செத்த புருஷன் படம் ஒன்று மாட்டு என்று டைரக்டர் கத்தியிருக்கிறார். பரமு சத்தியத்தை மீறவில்லை. கம்பெனி வாசலைத் தாண்டவில்லையே, நம்ம படம்தானே என்று அவரே ஆசையாக மாட்டியிருக்கிறார். மாட்டிய பிறகு அத்தனை பேர் நின்று பார்த்தார்கள். ஒருத்தருக்கும் தோன்றவில்லை. படத்தை யாரும் பார்த்ததில்லை. என்னையும்தான்.

முன்வரிசையில் தெலுங்கில் ஒரு சலசலப்பு. மாமா திரையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். திரும்பத் திரையைப் பார்த்தார். அதற்குள் தாய் அந்தப் படத்துக்கு முன்னால் போய், "பாத்தீங்களா, நம்ம மகன் வந்துட்டான்" என்று கும்பிட்டுவிட்டாள்.

பஞ்சாயத்தில் இதுவரை மாமாவுக்கு இப்படி ஒரு கேஸ் வந்திருக்காது. உயிரோடு வர வேண்டும் என்றார், வந்துவிட்டேன். செத்திருக்கக் கூடாது என்றார், செத்தும் இருக்கிறேன். இரண்டும் ஒரே நேரத்தில், ஒரே சுவரில்.

எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். காரியாபட்டி பஸ் ஹாரன் காதில் கேட்பதுபோல் இருந்தது.

சோடாக்கடையில்

இடைவேளையில் மாமா வெளியே நடந்தார். நான் பின்னால் போனேன். தியேட்டர் வாசலில் காதர் பாய் சோடாக்கடை. சினிமா விஷயத்தில் அந்த வட்டாரத்துக்கே அவர் சொல்தான் முடிவு. ஒவ்வொரு படத்தையும் தட்டியின் ஓட்டை வழியாக இருபது தடவை பார்த்தவர்.

பாய் என்னைக் கண்டதும் சோடாவை உடைப்பதை நிறுத்திவிட்டார். மேலும் கீழும் பார்த்தார். பிறகு கூட்டத்தைப் பார்த்துச் சொன்னார்.

"இவுகதான்யா அது. நான் மொத ஆட்டத்துலயே கண்டுபிடிச்சிட்டேன். டபுள் ஆக்ட்டு."

அந்த வார்த்தை விழுந்ததும் கூட்டம் மொத்தமும் என் பக்கம் திரும்பியது. இரட்டை வேடம் அந்தக் காலத்தில் பெரிய கதாநாயகர்களுக்கு மட்டுமே உரியது. அதற்குத் தனி கேமரா வேண்டும், தனி தைரியம் வேண்டும். பாய் விளக்க ஆரம்பித்தார். மேலே இருப்பவர் அண்ணன், கீழே நிற்பவர் தம்பி. அண்ணன் செத்த பிறகு அந்தக் குடும்பத்துக்குப் பக்கத்து வீட்டிலேயே தங்கித் தம்பி காவல் காக்கிறார். அதனால்தான் தன் சுகத்தை முதலில் சொல்லுகிறார், அண்ணியிடம். தாய்க்குத் தெரியும், மகனுக்குத் தெரியாது. அடுத்த ரீலில் பாருங்கள் என்றார்.

அந்தப் படத்தை எழுதியவர்களில் ஒருவன் நான். அதில் அப்படி ஒரு கதை கிடையாது. ஆனால் நாங்கள் எழுதியதைவிட அது நன்றாக இருந்தது.

தறிக்காரத் தெரு ஆள் ஒருவர், இரண்டு பேரையும் ஒரே சமயத்தில் எப்படிக் கேமராவில் பிடித்தார்கள் என்று என்னிடம் கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் மாமா முந்திக்கொண்டார்.

"அதெல்லாம் தொழில் ரகசியம், சொல்ல மாட்டாக" என்றார்.

மாட்டாக. எனக்கு மரியாதை. முந்தின நிமிஷம்வரை நான் அவருக்கு 'ஏலே'.

பிறகு அவரே கூட்டத்துக்குச் சொன்னார். மூத்தவன் போய்விட்டான், அவனுக்குத்தான் பந்தல்குடியில் அழுது தலை முழுகினார்கள். முறைப்படி நடந்திருக்கிறது, தப்பில்லை. இவர் இளையவர். இவருக்கு ஒரு தோஷமும் கிடையாது. இவ்வளவையும் சொல்லிவிட்டு, சோடாவை ஒரே மூச்சில் குடித்தார். எனக்கு அண்ணனே கிடையாது என்பது அவருக்குத் தெரியும்; என்னைத் தொட்டிலில் போட்டுப் பெயர் வைத்தவரே அவர்தான். ஒரு வழி தேடிக்கொண்டிருந்தவருக்கு வழி கிடைத்துவிட்டது. நான் அதை அடைக்கவில்லை. அது டபுள் ஆக்ட் இல்லை என்று இந்த வாரம்தான் முதல் தடவையாக வெளியில் சொல்லுகிறேன். பாய் மன்னிக்க வேண்டும்.

அதற்குப் பிறகு இத்தனை வருஷத்தில் எனக்கு ஒரு இரட்டை வேடமும் வரவில்லை.

உள்ளே மணி அடித்தது. எங்கள் இடத்துக்குத் திரும்பியதும் மாமா அக்காவைக் கூப்பிட்டு, ராக்குவிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடு என்றார். அந்த ஒரு வருஷத்தில் அவளை ஒருவர் கேட்டது அப்போதுதான். அக்கா மறைப்புக்கு அந்தப் பக்கம் போய்க் குனிந்தாள், நிமிர்ந்தாள், எங்களைப் பார்த்துத் தலையை ஆட்டினாள். நான் தூணைப் பிடித்துக்கொண்டேன்.

தையில் கல்யாணம். மாமா பந்தலில் வந்தவர்களிடம் எல்லாம் மாப்பிள்ளை டபுள் ஆக்ட் என்று சொல்லியே சாப்பிட அனுப்பினார்.

கல்யாணம் முடிந்து விருதுநகருக்கு ரயில் ஏறப் போனோம். பஸ்ஸில் ஜன்னல் ஓரம் ராக்கு, வெளியே பருத்திக் காடு வெடித்துக் கிடந்தது. அப்போதுதான் அவளிடம் கேட்டேன். பாய் சொன்னதை நம்பித்தான் சரி என்றாயா என்று.

அவள் சிரித்தாள். நான் கேட்டு முடிப்பதற்கு முன்னாலேயே சிரித்துவிட்டாள்.

"ரெண்டும் நீங்கதான்னு பாத்த ஒடனே தெரியும் மச்சான்" என்றாள். "சொவத்துல இருந்தவரு மொகம் அப்பிடியே இருந்துச்சு. கீழ நின்னவருக்கு நெத்தியில இருந்து வேர்த்து, மூக்கு நுனியில வந்து சொட்டு நின்னுச்சு. தொடைக்க ஒரு ஆள் இல்ல. அதப் பாத்துக்கிட்டே இருந்தேன். அத்தாச்சி வந்து கேட்டாக. சரின்னேன்."